அடைக்கலம் கேட்பவரின் சொல்லை எப்படி விசாரிப்பது: இந்தியா சட்டம் எழுதினால் எந்த முறையைத் தேர்வது?

யாழ்ப்பாணத்திலிருந்து சென்ற ஓர் இளைஞர், தஞ்சக் கோரிக்கைப் படிவத்தில் உடன்பிறந்தோர் என்ற கட்டத்தில் ஒரே ஒரு தங்கையின் பெயரை எழுதியிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். நேர்காணலில் அவர், "அண்ணாவை ஆமி பிடிச்சுக்கொண்டு போனது, அதுக்குப் பிறகுதான் என்னைத் தேடி வந்தவை" என்கிறார். மொழிபெயர்ப்பாளர் 'அண்ணா' என்பதை உடன்பிறந்த மூத்தவர் என்றே ஆங்கிலத்தில் சொல்லிவிடுகிறார். படிவத்தில் இல்லாத அண்ணன் நேர்காணலில் முளைத்துவிட்டதாக அதிகாரியின் கோப்பில் ஒரு முரண்பாடு பதிவாகிறது. பெரியப்பா மகனும் நமக்கு அண்ணாதான் என்பதைத் தமிழர் எவருக்கும் விளக்க வேண்டியதில்லை. "உங்களுக்கு அண்ணன் இருப்பதாகப் படிவத்தில் இல்லையே" என்று அந்த இளைஞரிடம் ஒரு கேள்வி கேட்டிருந்தால், அரை நிமிடத்தில் விடை வந்திருக்கும். கேட்காமல் விட்டால், கோரிக்கையாளரின் கூற்று நம்பத்தக்கதாக இல்லை என்ற வரியாக அது நிராகரிப்புக் கடிதத்தில் வந்து நிற்கும்.

அரசியல் காரணத்துக்காகத் துன்புறுத்தப்படுவோம் என்று அஞ்சி ஓடிவருபவரிடம் பெரும்பாலும் தம் வாய்ச்சொல்லைத் தவிர வேறு சான்று இருப்பதில்லை. பிடித்துச் சென்றவர்கள் ரசீது தருவதில்லை. சாட்சிகள் ஊரில் இருக்கிறார்கள், அவர்களைப் பேச வைத்தால் அவர்களுக்கே ஆபத்து. 1951 அகதிகள் உடன்படிக்கை இனம், மதம், தேசிய இனம், குறிப்பிட்ட சமூகக் குழு, அரசியல் கருத்து ஆகிய ஐந்து காரணங்களைச் சொல்கிறது. இவற்றுள் கடைசிக் காரணம்தான் வெளியிலிருந்து பார்ப்பவருக்கு எளிதில் புலப்படாதது. ஒருவரிடம் அந்தக் கருத்து உண்மையில் இருக்க வேண்டும் என்பதுகூட இல்லை. அது அவரிடம் இருப்பதாக ஆட்சியாளர்கள் நினைத்தாலே ஆபத்து வந்துவிடுகிறது. ஆகவே, ஒரு விசாரணை முறையை எடைபோடும்போது நான் முதலில் கேட்பது இதைத்தான்: முடிவெடுப்பவரின் மனத்தில் எழும் சந்தேகம், நிராகரிப்புக்கான காரணமாக மாறுவதற்கு முன், சம்பந்தப்பட்டவரிடம் சொல்லப்படுகிறதா? விரைவு, செலவு, பாதுகாப்பு ஆகியவையெல்லாம் இதற்குப் பின்னர் பேச வேண்டியவை.

இந்தியாவுக்கு இது ஏட்டளவிலான கேள்வி அன்று. இந்தியா 1951 உடன்படிக்கையிலும் அதை விரிவாக்கிய 1967 நெறிமுறையிலும் சேரவில்லை. அடைக்கலத்துக்கென்று தனிச் சட்டமும் இல்லை. மியான்மர், ஆப்கானிஸ்தான் போன்ற நாடுகளிலிருந்து வருவோரின் கோரிக்கைகளை ஐ.நா. அகதிகள் ஆணையத்தின் டெல்லி அலுவலகம் விசாரிக்கிறது. 1983 முதல் தமிழ்நாட்டுக்கு வந்த ஈழத்தமிழர்களோ தனித்தனி விசாரணை ஏதுமின்றி, மொத்தமாக அரசால் ஏற்கப்பட்டவர்கள். போர்க்காலத்தில் அது சரியான வழிதான். ஆனால் 2022-இல் தனுஷ்கோடிக் கரையில் வந்திறங்கியவர்களிடம் காவல்துறை யார், எங்கிருந்து, யார் படகில் என்றெல்லாம் விசாரித்ததே தவிர, "திரும்பிப் போனால் உங்களுக்கு என்ன நேரும் என்று அஞ்சுகிறீர்கள்?" என்று கேட்டு, அந்த விடையை எடைபோட்டு முடிவு சொல்லச் சட்டம் அமைத்த அமைப்பு எதுவும் இங்கே இல்லை. சசி தரூர் 2015-இல் மக்களவையில் அடைக்கலம் பற்றிக் கொண்டுவந்த தனிநபர் மசோதா சட்டமாகவில்லை. அப்படியொரு சட்டம் என்றாவது எழுதப்பட்டால், பிற நாடுகளின் அனுபவத்திலிருந்து எதை எடுப்பது, எதை விடுவது என்பதே இக்கட்டுரையின் பொருள். உலகின் முக்கியமான அடைக்கலத் தீர்ப்புகள் பலவற்றில் மனுதாரர்கள் தமிழர்கள் என்பதால், இந்த அனுபவம் நமக்குத் தொலைவிலும் இல்லை.

முதல் முறை, எல்லையிலேயே வடிகட்டுவது. ஆஸ்திரேலியா 2012 அக்டோபர் முதல் படகில் வந்த இலங்கையர்களுக்கு இதைத்தான் கையாண்டது. ஒரு சுருக்கமான நேர்காணல், அதில் அந்நாடு அடைக்கலம் தரக் கடமைப்படும் காரணம் ஏதும் வெளிப்படவில்லை என்று அதிகாரிகள் கருதினால் திருப்பி அனுப்புதல், அவ்வளவுதான். சட்ட உதவி கிடைக்கும் என்று அவர்களுக்குச் சொல்ல வேண்டிய கட்டாயம்கூட இருக்கவில்லை. 2014 ஜூலையில் இது கடலுக்கே போயிற்று: 41 இலங்கையர்கள் கப்பலில் வைத்தே விசாரிக்கப்பட்டு, மட்டக்களப்புக்கு அப்பால் இலங்கைக் கடற்படையிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் சிங்களவர், தமிழர் சிலர். எவரைக் கண்டு அஞ்சுவதாக ஒருவர் சொல்லக்கூடுமோ, அந்த அரசின் கையிலேயே நடுக்கடலில் அவரை ஒப்படைப்பதற்கு முன் நடக்கும் சில கேள்விகளை விசாரணை என்று சொல்ல என்னால் முடியவில்லை.

அமெரிக்காவில் 1996-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நடக்கும் முதற்கட்ட நேர்காணல் இதைவிடக் கட்டுக்கோப்பானது. பயத்துக்கு நம்பத்தக்க காரணம் உண்டா என்பதை அடைக்கல அதிகாரி பார்க்கிறார்; அவர் மறுத்தால் குடிவரவு நீதிபதி ஒருவர் சுருக்கமாக மறுபரிசீலனை செய்வார். அரசுச் செலவில் வழக்கறிஞர் கிடையாது. 2017-இல் மெக்சிகோ எல்லையைக் கடந்த சிறிது தூரத்திலேயே பிடிபட்ட ஈழத்தமிழர் ஒருவரின் கதையில் இதன் குறை அப்பட்டமாகத் தெரிகிறது. வயலில் வேலை செய்துகொண்டிருந்தபோது சிலர் வந்து தம்மை வேனில் ஏற்றிச் சென்று அடித்தார்கள் என்றும், அவர்கள் யார், ஏன் அடித்தார்கள் என்பது தமக்குத் தெரியாது என்றும் அவர் சொன்னார். தாக்கப்பட்டதை அதிகாரி நம்பினார். ஆனால் அரசியல் காரணம் நிறுவப்படவில்லை என்று கோரிக்கையை மறுத்துவிட்டார்.

இலங்கையைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்தவருக்கும் 'வெள்ளை வேன்' என்ற சொல் என்ன சொல்கிறது என்று தெரியும். அடையாளம் சொல்லாத ஆட்கள், வேன், அடி, பிறகு எங்கோ இறக்கிவிடுதல் ஆகியவை அங்கே அரசியல் அச்சுறுத்தலின் அறியப்பட்ட வடிவம். "யார் என்று தெரியாது" என்ற அவருடைய விடை, அந்தப் பின்னணியை அறிந்தவரின் காதில் கோரிக்கையை வலுப்படுத்தும். அறியாதவரின் காதில் அதைக் குலைக்கும். பின்னர் வழக்கறிஞர்கள் கிடைத்தபோதுதான் விசாரணை, கிணற்றுக்குள் இறக்கியது, மூச்சடைக்க வைத்தது போன்ற விவரங்கள் மனுவில் வந்தன. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. துரைசிங்கம் வழக்கு என்று அறியப்படும் அதில், 2020 ஜூன் 25 அன்று, இந்த மறுப்பை ஆட்கொணர்வு மனு வழியாகக் கேள்வி கேட்க அவருக்கு உரிமையில்லை என்று ஏழு நீதிபதிகள் முடிவு செய்தார்கள், இருவர் உடன்படவில்லை. எல்லையில் வடிகட்டும் முறையில் முதல் நேர்காணலே கடைசி நேர்காணலாகிவிடுகிறது என்பதை இதைவிடத் தெளிவாக வேறெதுவும் காட்டாது.

இரண்டாவது முறை, ஒருவர் நேர்காணல் செய்ய, வேறொருவர் காகிதங்களைப் பார்த்து முடிவு சொல்வது. கனடாவில் 1985 வரை இதுதான் நடந்தது. குடிவரவு அதிகாரி சத்தியப் பிரமாணத்தின் பேரில் கேள்வி கேட்பார். அந்தப் பதிவு ஆலோசனைக் குழு ஒன்றுக்குப் போகும். குழு அமைச்சருக்கு ஆலோசனை சொல்லும். குழு எதை வைத்து அப்படிச் சொன்னது என்பது கோரிக்கையாளருக்குத் தெரியாது. ஹர்பஜன் சிங் உள்ளிட்டோர் தொடுத்த வழக்கில், 1985 ஏப்ரல் 4 அன்று கனடிய உச்ச நீதிமன்றம் இதைச் செல்லாது என்றது. தீர்ப்பளித்த ஆறு நீதிபதிகளில் மூவர் உரிமைச் சாசனத்தையும் மூவர் அதற்கு முந்தைய உரிமைச் சட்டத்தையும் காரணமாகக் கொண்டாலும், முடிவு ஒன்றே. நீதிபதி பெர்த்தா வில்சன் எழுதிய பகுதியின் சாரம், ஒருவருடைய நம்பகத்தன்மை கேள்விக்குள்ளாகும்போது அவரை நேரில் வைத்துக் கேட்பதையே அடிப்படை நீதி கோருகிறது என்பது. இன்றும் கனடாவில் ஏப்ரல் 4 அகதிகள் உரிமை நாளாக நினைவுகூரப்படுகிறது.

இதே பாடத்தை ஆஸ்திரேலியாவும் 2010 நவம்பரில் படித்தது. கிறிஸ்துமஸ் தீவில் வைக்கப்பட்டிருந்த இரண்டு ஈழத்தமிழர்களின் வழக்கு அது. பெயர்கள் மறைக்கப்பட்டு எம்61, எம்69 என்று குறிக்கப்பட்டார்கள். இலங்கை நிலவரம் பற்றிய பாதகமான தகவல்களை மறுபரிசீலனை செய்தவர் அவர்களிடம் சொல்லி விடை கேட்காமல் பயன்படுத்தியது முறையற்றது என்று அந்நாட்டு உயர் நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. அப்படியிருந்தும் நான்கே ஆண்டுகளில், 2014 டிசம்பரில், நாடாளுமன்றம் விரைவு வழி ஒன்றை உருவாக்கியது. நிராகரிக்கப்பட்டவரை நேரில் பார்க்காமலும், விதிவிலக்கான சூழலில் தவிரப் புதிய தகவலை ஏற்காமலும், கோப்பை மட்டும் படித்து முடிவு சொல்லும் தனி அமைப்பு அதற்காக உருவானது. அது 2024 அக்டோபரில் புதிய தீர்ப்பாயம் வந்தபோதுதான் கலைக்கப்பட்டது. இடைப்பட்ட ஒன்பது ஆண்டுகளுக்கு மேலான காலத்தில் அதன் வழியாகச் சென்றவர்களில் எத்தனை 'அண்ணா'க்கள் இருந்திருப்பார்கள் என்ற எண்ணம் எனக்கு அடிக்கடி வருகிறது.

காகித முறைக்கு ஒரு நல்ல பயன் உண்டு என்பதையும் சொல்லியாக வேண்டும். ஒருவர் எந்த நாட்டவர், எந்தக் குழுவைச் சேர்ந்தவர் என்பது ஐயமின்றித் தெரிந்து, அந்நாட்டு நிலவரமும் தெளிவாக இருந்தால், நேர்காணல் இல்லாமலேயே கோரிக்கையை ஏற்றுக்கொள்ளலாம். கனடா சில வகைக் கோரிக்கைகளை இன்று அப்படித்தான் கோப்பைப் பார்த்தே ஏற்கிறது. காகிதத்தை வைத்து ஏற்கலாம், மறுக்கக்கூடாது என்ற இந்த வேறுபாட்டைச் சட்டத்தில் எழுதிவிட்டால் நேரமும் மிச்சம், அநீதியும் இல்லை.

பிரிட்டனின் தடுப்புக்காவல் விரைவு முறையைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. ஹார்மண்ட்ஸ்வொர்த் தடுப்பு நிலையத்தில் அடைத்து வைத்தபடியே நேர்காணல், ஓரிரு நாளில் முடிவு, அதற்குப் பின் மேல்முறையீட்டுக்கு இரண்டே நாள் என்று ஓடிய அந்த முறையின் மேல்முறையீட்டு விதிகளை 2015-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் கட்டமைப்பிலேயே நியாயமற்றவை என்று தள்ளியது. சித்திரவதைக்குள்ளானவர் பூட்டிய அறையில், முன்பின் தெரியாத வழக்கறிஞரிடம், இரண்டு நாளில் தம் கதையைச் சொல்லி முடிக்க வேண்டும் என்று எதிர்பார்த்த ஒரு முறையிலிருந்து எடுத்துக்கொள்ள நமக்கு எதுவுமில்லை.

பிரிட்டனின் வழக்கமான முறைதான் உண்மையில் பரிசீலிக்கத் தக்கது. உள்துறையின் அதிகாரி நேர்காணல் செய்து முடிவெடுக்கிறார். மறுத்தால், உள்துறையைச் சாராத தீர்ப்பாயத்தில் நீதிபதி முன் நேரடி விசாரணை. இந்த அமைப்பில் மேல்முறையீடு முடியும்வரை ஒருவர் நாட்டில் இருக்கலாமா என்பதிலேயே எல்லாம் அடங்கியிருக்கிறது. 1987-இல் சென்ற தமிழர்களுக்கு அந்த உரிமை இருக்கவில்லை. சிவகுமாரன் வழக்கில் அவ்வாண்டு டிசம்பரில், அன்று அந்நாட்டின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபை, அச்சத்துக்குப் புறநிலை ஆதாரம் வேண்டும் என்று கூறி, அரசின் மறுப்பைச் சரியென்றது. அவர்களுள் ஐவர் 1988 பிப்ரவரியில் இலங்கைக்கு அனுப்பப்பட்டனர்; வடகிழக்கில் அப்போது இந்திய அமைதிப்படை இருந்தது. அவர்கள் இலங்கையில் இருந்தபடியே மேல்முறையீடு நடந்தது. 1989 மார்ச்சில் தீர்ப்பாளர் அவர்கள் அகதிகளே என்றும், பிரிட்டனுக்குத் திரும்ப வரவழைக்கப்பட வேண்டும் என்றும் முடிவு செய்தார். இலங்கைக்குத் திரும்பிய பின் அவர்களுள் மூவர் வதைக்கப்பட்டிருந்தார்கள். இவ்வளவும் தெரிந்த பிறகும், ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 1991 அக்டோபரில், வில்வராஜா வழக்கில், பிரிட்டன் ஐரோப்பிய மனித உரிமை உடன்படிக்கையை மீறவில்லை என்றே சொன்னது. அந்தத் தீர்ப்பை நான் ஏற்கவில்லை. தீர்ப்பாளர் 1989-இல் கேட்டதை 1988 பிப்ரவரிக்கு முன்பே, அவர்கள் லண்டனில் இருந்தபோதே கேட்டிருக்க முடியும்; அதற்குத் தடையாக இருந்தது விதி ஒன்றுதான்.

அதே நாட்டில், நீதிபதி முன் நடக்கும் விசாரணை எவ்வளவு தூரம் பிழையைத் திருத்த முடியும் என்பதற்கு 2019 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் தீர்த்த கே.வி. வழக்கு சான்று. முதுகிலும் கையிலும் சுடுஉலோகத் தழும்புகளோடு வந்த ஈழத்தமிழர் ஒருவரை, அவரே யாரையோ சூடுபோடச் சொல்லியிருக்கலாம் என்று கீழ்த் தீர்ப்பாயம் சந்தேகித்தது. மருத்துவ அறிக்கையை உரிய முறையில் எடைபோடவில்லை என்றும், அடைக்கலத்துக்காகத் தமக்குத் தாமே சூடுபோட்டுக்கொள்வது மிக அரிதாகவே இருக்கும் என்றும் சொல்லி, உச்ச நீதிமன்றம் வழக்கைத் திருப்பி அனுப்பியது. சந்தேகம் வெளிப்படையாகச் சொல்லப்பட்டு எழுத்தில் இருந்ததால்தான் அதை எதிர்த்து வாதாட முடிந்தது.

கனடா, சிங் தீர்ப்புக்குப் பிறகு வேறு வழியில் போனது. 1989 ஜனவரி 1 முதல் செயல்படும் குடிவரவு, அகதிகள் வாரியம் அமைச்சகத்திடமிருந்து விலகி நிற்கும் தீர்ப்பாயம். இங்கே மேல்முறையீட்டில் அல்ல, முதல் முடிவிலேயே சுதந்திரமான ஒருவர் நேரில் கேட்கிறார். சத்தியப் பிரமாணத்தில் சொன்னதை ஐயுறக் காரணம் இல்லாதவரை உண்மை என்றே கொள்ள வேண்டும் என்பது அங்கே 1979 முதல் நிலைத்த நீதிமன்ற விதி. நேரடியாகக் கேட்பவரே முடிவு சொல்வதால், "உங்கள் அண்ணன் யார்?" என்ற கேள்வி எழ இங்கேதான் வாய்ப்பு அதிகம். குறைகளும் இருக்கின்றன. 2002 முதல் ஒரே உறுப்பினர் முடிவெடுப்பதால், யார் முன் வழக்கு விழுகிறது என்பதைப் பொறுத்து விளைவு மாறக்கூடும். அதை ஓரளவு சரிசெய்யும் மேல்முறையீட்டுப் பிரிவு 2012 டிசம்பரில்தான் வந்தது. தேங்கிய கோரிக்கைகள் 2024 முடிவில் இரண்டரை லட்சத்தைத் தாண்டின. வழக்கு நிலுவையில் இருக்கும் ஆண்டுகளில் மனைவி மக்களை அழைக்க முடியாமல், வேலை நிலைக்காமல், இரவில் தூக்கமின்றிக் காத்திருப்பவர்களுக்கு இந்தத் தாமதமும் ஒரு தண்டனைதான். விரைவை விரும்புகிறவர்கள் எல்லாரும் கல்நெஞ்சர்கள் அல்லர் என்பதை நாமும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

அதனால்தான் சுவிட்சர்லாந்தின் முறை எனக்கு முக்கியமாகப் படுகிறது. 2013-இல் அங்கிருந்து திருப்பி அனுப்பப்பட்ட தமிழர்கள் கொழும்பில் கைது செய்யப்பட்டார்கள். சுவிஸ் அரசு இலங்கைக்கான திருப்பியனுப்புதலை நிறுத்தி, வெளியாரைக் கொண்டு ஆராய்ந்து, தன் பரிசீலனையில் பிழைகள் நேர்ந்ததை ஏற்றுக்கொண்டது. ஓர் அரசு இப்படிச் செய்வது அபூர்வம். 2019 மார்ச் முதல் அங்கே நடைமுறையில் உள்ள விரைவு முறை சுமார் 140 நாள்களில் முடிவை எதிர்பார்க்கிறது. முடிவு அரசு அதிகாரியிடமே இருந்தாலும், முதல் நாளிலிருந்து ஒவ்வொருவருக்கும் இலவசச் சட்டப் பிரதிநிதி உண்டு. கோரிக்கையை மறுக்கப்போவதாக இருந்தால், அந்த முடிவின் வரைவு முதலில் பிரதிநிதியிடம் தரப்பட்டு அவர் கருத்து கேட்கப்படுகிறது. சந்தேகத்தை ஆளிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டும் என்ற கொள்கை ஒரு நிர்வாக நடைமுறையாகவே இங்கே அமைந்திருக்கிறது. ஆனால் அதற்குத் தரப்படும் அவகாசம் ஒரே நாள் என்பதும், அடுத்துள்ள மேல்முறையீடு பெரும்பாலும் எழுத்திலேயே நடப்பதும் இம்முறையின் பலவீனங்கள்.

இந்தியாவுக்கு நான் பரிந்துரைப்பது கனடா, சுவிஸ் முறைகளின் கலவை. முடிவெடுப்பது கனடாவைப் போல உள்துறையைச் சாராத வாரியமாக இருக்கட்டும். தேசப் பாதுகாப்பு பற்றிய கவலை நியாயமானதே. அதை உள்துறை அந்த வாரியத்தின் முன் ஒரு தரப்பாக வந்து சொல்லலாம், தானே தீர்ப்பாளராக அமரக்கூடாது. வழக்கறிஞரும் மறுப்பின் வரைவும் சுவிஸ் முறைப்படி இருக்கட்டும். கருத்துச் சொல்லும் அவகாசம் ஒரு நாளுக்குப் பதிலாக ஏழு நாளாகட்டும். மேல்முறையீடு முடியும்வரை எவரையும் அனுப்பக்கூடாது. அரசியலமைப்பின் 21-ஆம் கூறு குடிமக்களுக்கு மட்டுமன்றி எந்த மனிதருக்கும் உயிர்ப் பாதுகாப்புத் தருகிறது என்று அருணாசலப் பிரதேசத்தில் குடியேறிய சக்மா மக்கள் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996-இலேயே சொல்லியிருப்பதால், இதற்கான அடித்தளம் ஏற்கெனவே இருக்கிறது. செலவாகும் என்பார்கள். காகிதத்தைக் கொண்டே ஏற்கத்தக்க கோரிக்கைகளை முதலிலேயே ஏற்றுவிட்டால், நேரடி விசாரணைக்கு மிஞ்சுபவை உண்மையில் ஐயத்துக்குரியவை மட்டுமே.

மொழிபெயர்ப்பைப் பல நாட்டுச் சட்டங்கள் ஒரு வரியில் கடந்துவிடுகின்றன. இந்தியச் சட்டமாவது அதற்கு இடம் கொடுக்க வேண்டும். சுற்றிவளைப்பில் முகமூடியோடு கொண்டுவரப்பட்டு, வரிசையில் நிற்பவர்களைப் பார்த்துத் தலையசைத்துக் காட்டிக்கொடுப்பவரை யாழ்ப்பாணத்தில் 'தலையாட்டி' என்பார்கள். "தலையாட்டி என்னைக் காட்டினவன்" என்று ஒருவர் சொன்னால், சென்னையில் பிறந்து வளர்ந்த மொழிபெயர்ப்பாளருக்கே அது புரியாமல் போகலாம். தஞ்சாவூர்ப் பொம்மை நினைவுக்கு வந்தாலும் வியப்பில்லை. மியான்மரிலிருந்து வருவோர் பேசும் ரோகிங்யா மொழிக்கும் சின் மொழிகளுக்கும் டெல்லியில் மொழிபெயர்ப்பவர்கள் எதிர்கொள்வதும் இதே சிக்கல்தான். ஆகவே ஒவ்வொரு நேர்காணலும் கோரிக்கையாளரின் சொந்த மொழியில் பேசப்பட்டபடியே ஒலிப்பதிவாக வேண்டும். மொழிபெயர்ப்பு அவருக்கு வாசித்துக் காட்டப்பட வேண்டும். ஒலிப்பதிவின் நகல் அன்றைக்கே அவர் வழக்கறிஞர் கைக்குப் போக வேண்டும்.